யாருடைய ஆள்?

கோலசிலாங்கூர் வட்டாரத்துக் கம்போங் குவாந்தான், சிலாங்கூர் ஆற்றங்கரை மரங்களில் இரவில் மின்னும் மின்மினிகளால் பெயர் பெற்ற சிற்றூர். ஆற்றை விட்டு உள்ளே சென்றாலோ, தமிழர் உழைப்பால் எழுந்த தோட்டங்களைக் காணலாம். அவற்றுள் ஒன்றான தென்னமரம் தோட்டத்தில்தான் (பெயரிலேயே தமிழ் மணக்கிறது!) 1917-ஆம் ஆண்டு மலாயாவில் முதன்முதலாக வாணிப நோக்குடன் செம்பனை பயிரிடப்பட்டது.

இத்தகைய தோட்டங்களில் ஒரே நிரையில் இருவர் குலை வெட்டுவர். ஒருவர் தோட்டத்து ஆள். மற்றவர் குத்தகைக்காரர் ஆள். அரிவாள் ஒன்றே, வெயிலும் ஒன்றே. ஆனால் வேலை போகும் நாளிலே இருவர் நிலையும் வேறாகிவிடுகிறது.

இடைத்தரகர் வழியே ஆள் பெறும் வழக்கம் புதிதன்று. ஒப்பந்தக் கூலி முறை 1910-இல் ஒழிந்தது. கங்காணி வழி ஆள் சேர்ப்பு 1938-இல் நின்றது. 1954-இல் தோட்டத் தொழிலாளர் தேசியச் சங்கம் அமைந்தபின், நிலையான தொழிலாளர்க்குக் கூட்டு ஒப்பந்தங்களின் பாதுகாப்புக் கிட்டியது. ஆயினும் 1969-இல் குடியுரிமை இல்லாதோர் வேலை அனுமதி பெறவேண்டும் என்ற விதி நடைமுறைக்கு வந்தபோது பலர் தோட்டத்து வேலையை இழந்து, குத்தகைக்காரரை அண்டிப் பிழைக்க நேர்ந்தது.

குத்தகைக்காரர் கூலி தராமல் மறைந்துவிட்டால் என் செய்வது? 1955-ஆம் ஆண்டு வேலைச் சட்டத்தின் 33-ஆம் பிரிவு, வேலையைக் குத்தகைக்கு விட்ட முதலாளியையும் அக்கூலிக்குப் பொறுப்பாக்குகிறது. ஆனால் மூன்று மாதக் கூலிக்கு மேல் அப்பொறுப்பு செல்லாது. 90 நாளுக்குள் வழக்கிடவும் வேண்டும். இது கூலிக்குக் காப்பேயன்றி வேலைக்குக் காப்பன்று.

வேலை முடிவு நன்மைகள் பற்றிய 1980-ஆம் ஆண்டு விதிகளிலேதான் வேற்றுமை பணமாகத் தெரியும். ஐந்தாண்டுக்கு மேல் பணி செய்தவர்க்கு ஆண்டுக்கு 20 நாள் சம்பளம் உண்டு. பன்னிரண்டு ஆண்டு உழைத்தவர்க்கு 240 நாள் சம்பளம்! தோட்டம் வீட்டுமனையாகும் காலத்தில் இத்தொகை சிறிதன்று. ஆனால் குறைந்தது 12 மாதத் தொடர்ச்சியான பணி வேண்டும். பதினோரு மாதத்துக்கு ஒருமுறை ஒப்பந்தத்தை முறித்துவிட்டால் போதுமென எண்ணுவோர் உண்டு. விதி அதற்கும் இடங்கொடுக்கவில்லை: இடைவெளிகள் மொத்தம் 30 நாளுக்கு மேற்படாவிட்டால், பணிக்காலங்களைக் கூட்டிக் கணக்கிடலாம். குத்தகைக்காரரே அடிக்கடி மாறும்போதுதான் சிக்கல். யாரிடம் செய்த பணி தொடர்ச்சியானது?

தமிழ்நாட்டில் 1981-ஆம் ஆண்டுச் சட்டமொன்று, 24 மாதத்துள் 480 நாள் பணி செய்தவரை நிரந்தரமாக்கவேண்டும் என்கிறது. மலேசியாவில் அத்தகைய நாட்கணக்கு இல்லை. இங்கே நீதிமன்றம் உண்மை நிலையை ஆராய்கிறது. காலவரையறை கொண்ட ஒப்பந்தம் மெய்யானதா, போலியா என்பதற்கு, இரு தரப்பாரின் எண்ணம், முதலாளி பின்னர் நடந்துகொண்ட விதம், தொழிலின் இயல்பு ஆகியவற்றைப் பார்க்கவேண்டும் எனக் கூட்டரசு நீதிமன்றம் 2020-இல் தீர்ப்பளித்தது. ஆண்டு முழுவதும் காய்க்கும் செம்பனைக்கு ஆண்டுதோறும் புது ஒப்பந்தம் எதற்கு என்று கேட்க இதில் இடமுண்டு.

2023 ஜனவரி முதல் வேலைச் சட்டத்தில் சேர்ந்துள்ள மற்றொரு பிரிவும் பயனுள்ளது. எழுத்து மூலமான ஒப்பந்தம் இல்லாதபோது, வேலை முறையையும் நேரத்தையும் பிறர் கட்டுப்படுத்தினால், கருவிகளையும் அவரே தந்தால், அந்த உழைப்பாளி அவருடைய தொழிலாளி என்று கொள்ளப்படுவார். இச்சட்டத்தின் கீழ்வரும் குற்ற வழக்குகளுக்கே இந்த ஊகம் உரியது என்றாலும், எதைப் பார்த்து முடிவு செய்வது என்பதை அது தெளிவாக்குகிறது. காலையில் பெரட்டுக்கு அழைத்தவர் யார், நிரை பிரித்துக் கொடுத்த மண்டோர் யாரிடம் சம்பளம் வாங்குகிறார், சம்பளச் சீட்டிலும் சேமநிதிக் கணக்கிலும் யார் பெயர் உள்ளது என்பவையே சான்றுகள். குத்தகைக்காரர் மாறும்போதெல்லாம் பழைய சீட்டுகளை எறிந்துவிடும் வழக்கம் தோட்டப்புறங்களில் காணப்படுவது. இழப்பு பின்னரே தெரியவரும்.

நியாயமின்றி நீக்கப்பட்டதாகக் கருதும் தொழிலாளி, 1967-ஆம் ஆண்டுத் தொழில் உறவுச் சட்டத்தின் 20-ஆம் பிரிவின்படி 60 நாளுக்குள் முறையிடவேண்டும். 61-ஆம் நாள் வந்து நிற்பவரிடம் எத்தனை ஆண்டுச் சீட்டுகள் இருப்பினும் அந்த வாயில் திறப்பதில்லை.