பாயின்ட்ல நிக்க நீங்க ரெடியா?

1992 மார்ச் 8. பிரிஸ்பேன். உலகக் கோப்பையில் பாகிஸ்தான் – தென் ஆப்பிரிக்கா மேட்ச். 48 ரன் எடுத்திருந்த இன்சமாம் ஒரு ரன்னுக்கு ஓடி வந்து, இம்ரான் கான் வேண்டாம் என்றதும் திரும்புகிறார். பந்தை எடுத்த ஜான்டி ரோட்ஸ் எறியவே இல்லை. கையில் பந்தோடு ஓடி, அப்படியே பறந்து ஸ்டம்புகள் மேல் விழுந்தார். இன்சமாம் அவுட்! தென் ஆப்பிரிக்கா ஜெயித்தது 20 ரன்னில். பாயின்ட் என்ற இடத்துக்கு அன்றைக்கு ஒரு தனி மவுசு வந்தது.

நம்ம ஏரல் பக்கம் கதையே வேற. பேட்டிங்குக்கு அடிதடி நடக்கும். ஃபீல்டிங் என்றால் மட்டும், "எலே, நீ போய் பாயின்ட்ல நில்லுல" என்று சின்னப் பையனைத் தள்ளிவிடுவார்கள். அந்தப் பையன் நீங்கதானா? கவலையை விடுங்க. நீங்க தடுக்கிற ஒவ்வொரு ரன்னும் உங்க டீம் அடிச்ச ரன்னுக்குச் சமம்!

ராபின் சிங்கைப் பாருங்க. டிரினிடாட்டில் பிறந்து, தமிழ்நாடு அணிக்கு ஆடியவர். 1989-ல் இந்தியாவுக்காக 2 ஒருநாள் போட்டி. அப்புறம் 7 வருஷம் காத்திருப்பு. 1996-ல் 33 வயசில் திரும்பி வந்து, மொத்தம் 136 போட்டி ஆடிவிட்டார். பேட், பந்தோடு அவரது பாய்ச்சலும் அதற்கு ஒரு காரணம். 2007-ல் இந்திய அணிக்கே ஃபீல்டிங் பயிற்சியாளர் ஆனார்.

சரி, வித்தைக்கு வருவோமா?

நில்லுங்க: பௌலர் ஓடி வரும்போது நீங்களும் மெதுவா முன்னால் நடங்க. பேட்ஸ்மேன் அடிக்கிற நொடியில் முழங்கால் மடங்கி, எடை முன்பாதத்தில் இருக்கணும். குதிகாலில் நின்றால் பந்து உங்களைத் தாண்டிவிடும்.

குனியுங்க: கை முதலிலேயே தரைக்குப் போகட்டும். நம்ம ஊர் மேடு பள்ளத்தில் பந்து திடீர்னு எழும்பும். கீழே இருக்கிற கையை மேலே தூக்குவது சுலபம். மேலே இருக்கிற கையை இறக்குவதற்குள் பந்து காலிடுக்கில் போயிருக்கும்!

வாங்குங்க: டென்னிஸ் பந்து கையில் பட்டுத் துள்ளி ஓடும். கையை விறைப்பா வைக்காம, பந்தோடு சேர்த்துப் பின்னால் இழுங்க.

எறியுங்க: முன் தோள் ஸ்டம்பைப் பார்க்கட்டும். அவசரத்தில் கண்ணை எடுத்துடாதீங்க.

அமெரிக்காவின் பேஸ்பாலில் 'ஷார்ட்ஸ்டாப்' என்று ஓர் இடம் உண்டு. இரண்டாவது, மூன்றாவது பேஸ்களுக்கு நடுவே நிற்பவர். குனிந்து பொறுக்கி, அடுத்த நொடியே எறிவதுதான் அவருக்கும் வேலை. அதனால்தான் ஆஸ்திரேலியா தன் கிரிக்கெட் வீரர்களுக்கு மைக் யங் என்ற அமெரிக்க பேஸ்பால் பயிற்சியாளரை வரவழைத்தது. ஒரே வித்தியாசம், ஷார்ட்ஸ்டாப்புக்கு கிளவுஸ் உண்டு. நமக்கு வெறுங்கை!

பயிற்சிக்குப் பைசா செலவில்லை. ஒரு சுவர், ஒரு பந்து போதும். சுவரில் எறிந்து திரும்புவதைப் பொறுக்குங்க. பிறகு ஒற்றை ஸ்டம்ப் நட்டு, தினமும் 20 த்ரோ. எத்தனை பட்டது என்று நோட்டில் குறிச்சு வைங்க. இன்னிக்கு 2 என்றால் பரவாயில்லை. அடுத்த மாசம் அது 8 ஆகட்டும்; உங்க பக்கம் அடிச்சுட்டு ரன் ஓட எதிர் டீம் ரெண்டு தடவை யோசிக்கும்!