உங்களுக்குத் தெரியுமா? ஒரு கோப்பு குறைந்தாலும் மென்பொருள் திறக்காமல் போகலாம்!

ஆடி அமாவாசையன்று அமிர்தகழி மாமாங்கேஸ்வரர் ஆலயத் தீர்த்தக்குளத்தில் ஊரே நீராடுகிறது. ஆளுக்கொரு குளம் யாரும் வெட்டுவதில்லை. கணினியிலும் பல மென்பொருள்கள் ஒரே கோப்பைப் பொதுவில் பயன்படுத்துகின்றன. அதுவே பகிர்வு நூலகம்.

● இந்தக் கோப்பின் பெயர் விண்டோஸில் ‘டிஎல்எல்’ என்று முடியும். லினக்ஸில் பெயரோடு ‘எஸ்ஓ’ சேர்ந்திருக்கும்.

● நம் எழுத்தும் இதை நம்பியே இருக்கிறது. ‘கொ’வில் ககரத்துக்கு முன்னே கொம்பையும் பின்னே காலையும் சரியாக வைத்தது, விண்டோஸ் 2000இல் ‘யூனிஸ்கிரைப்’ என்ற நூலகம். லினக்ஸில் இன்று அந்த வேலையை ‘ஹார்ஃப்பஸ்’ செய்கிறது.

● பாதியில் நின்ற நிறுவல், வேறொரு மென்பொருளை நீக்கும்போது சேர்ந்தே அழிந்த கோப்பு, வைரஸ் தடுப்பானின் தவறான சந்தேகம் ஆகியவை நூலகம் காணாமற்போக முக்கிய காரணங்கள்.

● திரையில் வரும் பிழைச் செய்தியில் உள்ள கோப்புப் பெயரை முதலில் குறித்துக்கொள்ளுங்கள். அந்த மென்பொருளை நீக்கிவிட்டு மீண்டும் நிறுவுங்கள். ‘விசிரன்டைம்140’ இல்லை என்று வந்தால், மைக்ரோசொப்டின் ‘விஷுவல் சி++’ தொகுப்பை அதன் அதிகாரபூர்வ தளத்திலிருந்து நிறுவினால் போதும்.

● லினக்ஸில் ‘எல்டிடி’ கட்டளை எந்த நூலகம் இல்லை என்று காட்டும். அதற்குரிய பொதியை நிறுவினால் சரியாகிவிடும்.

கண்ட தளங்களிலிருந்து தனி ‘டிஎல்எல்’ கோப்பை ஒருபோதும் தரவிறக்காதீர்கள். அதற்குள் தீங்குநிரல் ஒளிந்திருக்கலாம்.