கிறித்தவ செபத்தில் தாழ்மை

கிறித்தவ செபத்தில் தாழ்மை என்பது, வேண்டுகிறவர் தம் உண்மை நிலையை மறைக்காமலும், தம்மைப் பிறரோடு ஒப்பிட்டு உயர்த்திக்கொள்ளாமலும் கடவுள் முன் நிற்கும் மனநிலையைக் குறிக்கும். தமிழ்க் கத்தோலிக்கர் இதனைப் பெரும்பாலும் 'தாழ்ச்சி' என்பர். சீர்திருத்தத் திருச்சபையினர் 'தாழ்மை' அல்லது 'மனத்தாழ்மை' என்பர். இதற்குரிய இலத்தீன் சொல்லான 'ஊமிலித்தாஸ்', மண்ணைக் குறிக்கும் 'ஊமுஸ்' என்ற சொல்லோடு வேர்த்தொடர்பு உடையது.

16-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த ஸ்பெயின் நாட்டுத் துறவி அவிலா தெரேசா, தாழ்மை என்பது உண்மையில் நடப்பதே என்று விளக்கினார். மாணவர்கள் மனத்தில் வைத்துக்கொள்ளத்தக்க விளக்கம் இது. செய்யாத குற்றத்தைச் செய்ததாகச் சொல்வதும், உள்ள திறமையை இல்லை என்பதும் பொய்களே. பொய்யில் தாழ்மை இருக்க முடியாது.

தமிழகத்தில் இந்தப் பொருளுக்கு இன்னொரு சிக்கலும் உண்டு. கைகட்டி நிற்பது, தோளில் கிடக்கும் துண்டை இடுப்பில் கட்டிக்கொள்வது போன்ற பணிவுக் குறிகள் இங்கே நெடுங்காலம் சில மக்கள்மேல் சாதியின் பெயரால் சுமத்தப்பட்டவை. ஆகவே கடவுள் முன் ஒருவர் தாமே தாழ்வதையும், மனிதர் முன் ஒருவர் தாழ்த்தப்படுவதையும் பிரித்துப் பார்க்காமல் இந்தத் தலைப்பைப் பேச இயலாது.

பரிசேயரும் ஆயக்காரரும்

செபத்தில் தாழ்மை பற்றிய அடிப்படை விவிலியப் பகுதி லூக்கா 18:9-14 ஆகும். எருசலேம் கோவிலுக்கு இருவர் செபிக்கச் செல்கின்றனர். ஒருவர் பரிசேயர், மற்றவர் வரி வசூலிப்பவர். பழைய தமிழ் மொழிபெயர்ப்பு இரண்டாமவரை 'ஆயக்காரன்' என்கிறது. ஆயம் என்றால் சுங்கம். 1995-இல் வெளிவந்த பொது மொழிபெயர்ப்பான திருவிவிலியம் 'வரிதண்டுபவர்' என்கிறது.

பரிசேயரின் செபம் நன்றி கூறுதலாகத் தொடங்குகிறது என்பதைப் பலர் கவனிப்பதில்லை. வாரம் இருமுறை நோன்பு, வருவாயில் பத்திலொரு பங்கு காணிக்கை என்று அவர் சொல்பவை பொய்யும் அல்ல. பரிசேயர்கள் அக்காலத்தில் மக்களால் மதிக்கப்பட்டவர்கள். அவருடைய செபம் கெடுவது ஒரே இடத்தில்தான்: அருகில் நிற்பவரைச் சுட்டி, தான் அவரைப் போல இல்லை என்று சொல்லும் இடத்தில். மற்றவர் தூரத்தில் நின்று, கண்களை உயர்த்தாமல், மார்பில் அடித்துக்கொண்டு, தான் பாவி என்பதை மட்டும் சொல்லி இரக்கம் கேட்கிறார். கடவுளுக்கு ஏற்புடையவராக வீடு திரும்பியவர் அவரே என்று இயேசு கூறுகிறார்.

இந்த வரி வசூலிப்பவர் ஏழையும் அல்லர், ஒடுக்கப்பட்டவரும் அல்லர். ஆட்சியாளரின் அதிகாரத்தைப் பின்புலமாகக் கொண்டு, மக்களிடம் கூடுதலாகப் பிடுங்குபவர்கள் என்று பெயர்பெற்ற தொழிலைச் சேர்ந்தவர். அடுத்த அதிகாரத்திலேயே லூக்கா சக்கேயு என்ற தலைமை வரி வசூலிப்பாளரைக் காட்டுகிறார். அவர் சொத்தில் பாதியை ஏழைகளுக்குக் கொடுக்கவும், ஏமாற்றிப் பெற்றதை நான்கு மடங்காகத் திருப்பித் தரவும் முன்வருகிறார். இரு பகுதிகளையும் சேர்த்துப் படிப்பதே முறை. அப்போது மார்பில் அடித்துக்கொள்வதன் தொடர்ச்சி கணக்குப் புத்தகத்திலும் இருக்க வேண்டும் என்பது தெரியும்.

இந்த உவமையைக் கேட்டவர்கள் உடனே 'நான் பரிசேயன் அல்லன்' என்று ஆறுதல் அடைவதும் உண்டு. தொடக்கக் கிறித்தவ நூலான 'திதாக்கே', வெளிவேடக்காரர் திங்கள், வியாழன் ஆகிய நாள்களில் நோன்பிருப்பதால் கிறித்தவர்கள் புதன், வெள்ளி ஆகிய நாள்களில் நோன்பிருக்க வேண்டும் என்கிறது. அடுத்தவரைக் காட்டித் தன்னை வேறுபடுத்தும் பழக்கம் எவ்வளவு விரைவில் உள்ளே வந்துவிட்டது பாருங்கள்!

அந்நியர் இருவரின் சொற்கள்

நற்கருணை அல்லது திருவிருந்து பெறும் முன் சொல்லப்படும் தாழ்மையின் செபங்கள் இரண்டு பரவலாக வழங்குகின்றன. கத்தோலிக்கத் திருப்பலியில் மக்கள் சொல்வது, மத்தேயு 8-ஆம் அதிகாரத்தில் வரும் உரோமை நூற்றுவர் தலைவரின் சொற்களைத் தழுவியது. ஆங்கிலிக்கன் மரபில் 16-ஆம் நூற்றாண்டில் பேராயர் தாமஸ் கிரான்மர் காலத்தில் அமைந்த செபம், மேசையின்கீழ் விழும் துணுக்குகளைப் பற்றிப் பேசிய சிரிய பெனிசியப் பெண்ணின் மறுமொழியை (மாற்கு 7:28) நினைவூட்டுகிறது. 1947 செப்டம்பர் 27 அன்று சென்னை புனித ஜார்ஜ் பேராலயத்தில் தொடங்கப்பெற்ற தென்னிந்தியத் திருச்சபையின் வழிபாட்டிலும் பின்னர் இது இடம்பெற்றது.

இருவருமே யூதர் அல்லாத வெளியாள்கள். இருவரும் தமக்காகக் கேட்கவில்லை. ஒருவர் பணியாளருக்காகவும் மற்றவர் மகளுக்காகவும் கேட்டனர். அந்தப் பெண்ணோ முதல் மறுப்போடு திரும்பிப் போகவும் இல்லை, நாயோடு ஒப்பிடப்பட்டும் வாதத்தை விடவில்லை. தாழ்மை என்றால் வாய்மூடி இருப்பது என்று கருதுவோருக்கு இவர் நல்ல மறுப்பு. தம்மை 'நாயேன்' என்று சொல்லிக்கொண்டே இறைவனிடம் உரிமையோடு வழக்காடும் தமிழ்ப் பக்தி மரபை அறிந்தவர்களுக்கு இந்தக் குரல் அந்நியமாகப் படாது.

பூந்தமல்லியும் 'அடியேன்' என்ற சொல்லும்

சென்னையின் மேற்கே உள்ள பூந்தமல்லி இவ்வகையில் குறிப்பிடத்தக்க ஊர். 1936-இல் தொடங்கப்பட்ட திரு இருதயக் குருமடம் இங்கே இருக்கிறது. கத்தோலிக்கக் குருத்துவத்திற்கு இளைஞர்கள் பயிற்சி பெறும் இடம் அது. அதே ஊர்தான் வைணவப் பெரியார் திருக்கச்சி நம்பிகளின் பிறப்பிடமாகவும் போற்றப்படுகிறது. அவர் காஞ்சி வரதராசப் பெருமாளுக்கு விசிறி வீசும் ஆலவட்டத் தொண்டு செய்தவர், வைசியர். அந்தணரான இராமானுசர் அவரைக் குருவாகக் கொள்ள விரும்பி, அவர் உண்ட மிச்சத்தை உண்ண முயன்றதாக வைணவ மரபு கூறுகிறது. சாதியில் மேலிருந்தவர் கீழிறங்கி வந்ததே இந்த நிகழ்வின் சிறப்பு.

வைணவர்கள் பெரியோர் முன் தம்மைக் குறிக்கப் பயன்படுத்தும் 'அடியேன்' என்ற சொல் தமிழ்க் கிறித்தவ செபத்திலும் வேரூன்றியது. எச். ஏ. கிருஷ்ணபிள்ளை (1827–1900) இதற்குச் சிறந்த சான்று. நெல்லைப் பகுதி வைணவ வேளாளக் குடும்பத்தில் பிறந்து, சாயர்புரத்தில் தமிழாசிரியராகப் பணியாற்றி, 1858-இல் சென்னையில் திருமுழுக்குப் பெற்றவர் அவர். ஜான் பனியனின் ஆங்கில நூலைத் தழுவி அவர் இயற்றிய 'இரட்சணிய யாத்திரிகம்' 1894-இல் நூலாக வெளிவந்தது. அதன் இடையே வரும் தேவாரப் பாடல்களில் ஆழ்வார், நாயன்மார் ஆகியோரின் பணிவுமொழி கிறித்துவை நோக்கித் திரும்பியிருக்கிறது.

விளிச்சொல்லிலும் தமிழ்க் கிறித்தவம் தனி வழி கண்டது. பக்தி இலக்கியம் இறைவனை 'நீ' என்று நெருக்கமாக அழைக்கும். தமிழ்க் கிறித்தவ செபமோ பெரும்பாலும் 'நீர்' என்றும், சில இடங்களில் 'தேவரீர்' என்றும் அழைக்கும். அன்றாடப் பேச்சின் 'நீங்கள்' அங்கே அரிது. மதிப்பும் நெருக்கமும் ஒருங்கே வேண்டியதால் நிலைத்த வடிவம் இது எனலாம்.

சொல்லும் இருக்கையும்

ஆனால் பணிவான சொற்கள் நிறைந்திருந்த அதே ஆலயங்களில், யார் எங்கே அமர்வது, திருவிருந்தை யார் முதலில் பெறுவது என்பவை சாதிப்படி நடந்தன. 1833-இல் கல்கத்தா ஆயர் தானியேல் வில்சன், திருச்சபையில் சாதி வேறுபாடு அறவே கைவிடப்பட வேண்டும் என்று கடிதம் எழுதினார். தஞ்சாவூரிலும் சென்னை வேப்பேரியிலும் கடும் எதிர்ப்பு எழுந்தது. நல்ல செபப் பாடல்களைத் தந்த தஞ்சை வேதநாயக சாஸ்திரியாரே (1774–1864) சாதி வழக்கங்களைக் காத்து நின்றவர்களுள் ஒருவர். அவருடைய பாடல்களின் அருமையைச் சொல்லும்போது இதை மறைப்பது நேர்மையாகாது.

கத்தோலிக்கர் நிலையும் வேறாக இல்லை. நெல்லைப் பகுதி வடக்கன்குளத்தில் வேளாளருக்கும் நாடாருக்கும் தனித்தனிப் பகுதிகள் அமையும்படி ஆலயமே இரு கிளைகளாகக் கட்டப்பட்டது. நடுவில் இருந்த தடுப்புச் சுவர் 1910-இல் இடிக்கப்பட்டது. அதுவரை சுவரின் இரு பக்கத்திலும் மக்கள் முழந்தாளிட்டு, தாம் தகுதியற்றவர்கள் என்றுதான் செபித்தார்கள்.

20-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் சென்னை கீழ்ப்பாக்கம் குருகுல் லூத்தரன் இறையியல் கல்லூரியில் தலித் இறையியல் துறைக்குத் தலைமை வகித்த அரவிந்த் நிர்மல், விவிலியக் கடவுளே ஊழியராக, பணியாளராக வருபவர் என்று வலியுறுத்தினார். இயேசு சீடரின் கால்களைக் கழுவிய நிகழ்வு (யோவான் 13) இதற்குப் பொருந்தும் சான்று. தாழ்மை முதலில் கடவுளின் பண்பு என்றால், ஏற்கெனவே குனிய வைக்கப்பட்டவரிடம் 'இன்னும் குனி' என்று சொல்ல அந்தச் சொல்லைப் பயன்படுத்த முடியாது.

உடலும் அறைவீடும்

முழந்தாளிடுதல், செருப்பைக் கழற்றுதல், பெண்கள் முக்காடிடுதல், தரையில் அமர்தல் ஆகியவை தமிழ்க் கிறித்தவரிடையே காணப்படும் பணிவுக் குறிகள். வேளாங்கண்ணியில் மணற்பாதையில் முழந்தாளால் நடப்போரும் உண்டு. எனினும் முழந்தாளிடுதல் எல்லாக் காலத்துக்கும் உரிய விதி அன்று. கி.பி. 325-இல் கூடிய நிசேயா சங்கத்தின் 20-ஆம் விதி, ஞாயிற்றுக்கிழமைகளிலும் உயிர்ப்புக் காலத்திலும் நின்றுகொண்டே செபிக்கச் சொல்கிறது.

தாழ்மைக்கு இயேசு தந்த நடைமுறை வழி தனிமை. மத்தேயு 6:6 கதவை அடைத்துக்கொண்டு மறைவில் செபிக்கச் சொல்கிறது. பழைய தமிழ் மொழிபெயர்ப்பு அந்த இடத்தை 'அறைவீடு' என்கிறது. மூலக் கிரேக்கச் சொல்லான 'தமேயோன்' தானியமும் பொருளும் வைக்கும் உள்ளறையைக் குறிக்கும். அலங்காரமான பூசை அறை அன்று.

1960-களில் அம்பத்தூரில் தொழிற்பேட்டையும் ஆவடியில் கனரக வாகனத் தொழிற்சாலையும் வளர்ந்தபோது பல மாவட்டத்தாரும் பல சபையினரும் இப்பகுதிகளில் குடியேறினர். ஒரே அறையில் குடும்பம் முழுவதும் வாழும் வீட்டில், இரவு ஷிப்டு முடித்து வந்தவர் உறங்கும் நேரத்தில், அடைக்கத் தனிக் கதவு ஏது? 5-ஆம் நூற்றாண்டுத் துறவி யோவான் காசியன் இதற்கு விடை தருகிறார்: அறை என்பது உள்ளம், கதவை அடைப்பது என்பது உதட்டை மூடுவது.

அதனால் உரத்த செபம் தவறு என்று முடிவு கட்டிவிடக் கூடாது. பெந்தெகொஸ்தே சபைகளில் எல்லாரும் ஒரே நேரத்தில் குரலெழுப்பிச் செபிப்பதும் அழுவதும் வழக்கம். அந்த ஒலியில் தனியொருவர் குரல் கரைந்துவிடுவதால், ஒருவகை மறைவு அதிலும் கிடைக்கிறது. உண்மையான ஆபத்து, எத்தனை மணிக்கு எழுந்தேன், எத்தனை நாள் உபவாசம் இருந்தேன் என்று சாட்சி சொல்லும்போது வருகிறது. அமைதியாகச் செபிப்பவர் கூச்சலிடுவோரைப் பார்த்து உள்ளுக்குள் முகம் சுளிப்பதும் அதே வகைதான்.

தாழ்ந்தோரும் நிமிர்தலும்

மாலைச் செபத்தில் நாள்தோறும் சொல்லப்படும் மரியாவின் பாடலில் (லூக்கா 1:46-55) வரும் 'தபேய்னோசிஸ்' என்ற கிரேக்கச் சொல், முதன்மையாக ஒரு நற்பண்பை அன்று, சமூகத்தில் தாழ்ந்திருக்கும் நிலையைக் குறிக்கிறது. அந்தப் பாடலில் வலியோர் இறக்கப்படுகின்றனர், தாழ்ந்தோர் உயர்த்தப்படுகின்றனர். பரிசேயர் உவமையின் இறுதியிலும் லூக்கா இதே வேர்ச்சொல்லைக் கையாள்கிறார். எனவே ஒரே செபக்கூட்டத்தில் மேலிருப்பவருக்கும் கீழிருப்பவருக்கும் ஒரே அசைவு விதிக்கப்படவில்லை. ஒருவருக்கு இறங்குதல், மற்றவருக்கு எழுதல்.

லூக்கா 13:10-17-இல் பதினெட்டு ஆண்டுகள் கூன் விழுந்து, சற்றும் நிமிர இயலாதிருந்த ஒரு பெண் வருகிறார். ஓய்வுநாளில் தொழுகைக்கூடத்தில் இயேசு அவரைத் தாமே அழைத்து, அவர்மேல் கைகளை வைக்கிறார். உடனே அவர் நிமிர்ந்து கடவுளைப் போற்றுகிறார். தொழுகைக்கூடத் தலைவர் கோபம் கொண்டு, குணமாக வேறு ஆறு நாள்கள் உண்டே என்று மக்களிடம் சொல்கிறார். இயேசு அந்தப் பெண்ணை ஆபிரகாமின் மகள் என்று அழைத்து, அந்த நாளிலேயே அவர் கட்டவிழ்க்கப்பட வேண்டியவர் என்று பதில் சொல்கிறார்.