வெயிலில் வெந்த சோறு

2012 இல், பல்கலைக்கழகம் முடித்த கையோடு வன்னிக் கிராமமொன்றில் பெண்கள் குழுவுடன் வேலை செய்தேன். கூட்டத்துக்கு எப்போதும் பிந்தி வரும் அக்கா ஒருவரிடம் காரணம் கேட்டேன்.

"விறகுக்குப் போனனான் தங்கச்சி. சிவப்புப் பலகை போட்ட பக்கம் போகேலாது. சுத்திப் போய் வர மத்தியானமாகுது."

மண்டையோடு வரைந்த அந்தப் பலகைக்கு அப்பால் கண்ணிவெடிகள். அவருக்குக் கணவர் இல்லை, மூன்று பிள்ளைகள். சமூகவியல் படித்த எனக்கு விறகு ஒரு பிரச்சினையாகவே தெரிந்திருக்கவில்லை.

சூடானின் டார்பூரிலிருந்து தப்பி, சாட் நாட்டின் இரிடிமி முகாமில் தங்கிய பெண்களும் விறகு பொறுக்கப் போன இடத்தில் தாக்கப்பட்டார்கள். அங்கே 2006 அளவில் பெண்களே காட்போட் மட்டையில் அலுமினியத் தாளை ஒட்டி வெயில் அடுப்புச் செய்யத் தொடங்கினார்கள். அதை வாசித்த பிறகுதான் நாங்களும் முயன்றோம்.

நாங்கள் செய்தது பெட்டி அடுப்பு. பெரிய காட்போட் பெட்டிக்குள் சிறியதை வையுங்கள். சுற்றிவரவும் அடியிலும் மூன்று விரல் இடைவெளி விட்டு, அதில் காய்ந்த வைக்கோலையோ கசக்கிய பத்திரிகைத் தாளையோ அதிகம் இறுக்காமல் நிரப்புங்கள். சிறிய பெட்டியின் உட்பக்கத்தில் கோதுமை மாப் பசையால் அலுமினியத் தாளை ஒட்டி, அடியில் கறுப்புத் தகரம் ஒன்றை வையுங்கள். மேலே மூடப் பழைய யன்னல் கண்ணாடி போதும். அலுமினியத் தாள் ஒட்டிய இன்னொரு மட்டையைப் பின்னால் சாய்த்து நிறுத்தினால் அது வெயிலை உள்ளே திருப்பிவிடும். உள்ளே போன வெயில் கறுப்பில் பட்டுச் சூடாகும். கண்ணாடியும் வைக்கோலும் அந்தச் சூட்டை வெளியே விடாமல் தடுக்கும்.

மூடியுள்ள, கறுப்பான சட்டிதான் நல்லது. கரி பிடித்த சட்டியைத் தேய்க்கவே தேவையில்லை. எங்கள் குழுவில் எல்லோருக்கும் பிடித்த விசயம் இதுதான்!

முதல் நாள் தோல்வி. ஆளாளுக்குக் கண்ணாடியைத் திறந்து பார்த்ததில் சூடு போய்விட்டது. மூன்று மணிக்கும் அரிசி அரிசியாகவே கிடந்தது. "பிள்ளையளுக்கு இனி என்னத்தைக் குடுக்கிறது?" என்று அந்த அக்கா கோபித்தார். ஒரு சுண்டு அரிசி அவருக்குச் சின்ன விசயமல்ல. நான் தலைகுனிந்து நின்றேன்.

அடுத்த முறை காலை 10 மணிக்கு வைத்தோம். யாரும் திறக்கவில்லை. வெயில் நகர நகரப் பெட்டியை மட்டும் திருப்பினோம். ஒரு மணிக்குச் சோறு வெந்திருந்தது.

புட்டுக்கும் ரொட்டிக்கும் இது சரிவராது. மார்கழி மழையில் பெட்டி வீட்டுக்குள்தான். இடையில் வானம் மப்பாகிவிட்டால் அரைவேக்காட்டை அப்படியே விடாமல் உடனே விறகடுப்பில் ஏற்றுங்கள். இளஞ்சூட்டில் கிடந்தால் பழுதாகிவிடும். சட்டியைத் துணியால் பிடித்தே இறக்குங்கள்.

அந்த அக்கா விறகடுப்பை விடவில்லை. காலையும் இரவும் அதில்தான் சமையல். ஆனால் வாரத்தில் நான்கு நாள் காட்டுக்குப் போனவர் இரண்டு நாள் போனார். அடுத்த கூட்டத்துக்கு எனக்கு முன்னரே வந்து உட்கார்ந்திருந்தார்.

"சோறை வெயிலிலை விட்டிட்டு வந்தனான் தங்கச்சி. கெதியாத் தொடங்குங்கோ."