நெருப்பு காத்த கணக்கு

ஒரு பாத்திரத்துக்கு நான்கு காது, இன்னொன்றுக்கு மூன்று, மற்றொன்றுக்குக் காதே இல்லை. சுமார் 3,200 ஆண்டுகளுக்கு முன் கிரேக்க அரண்மனைக் கணக்கர் ஒருவர் இப்படி ஒவ்வொன்றையும் படம் போட்டு எழுதி வைத்தார். ஹோமருக்குப் பல நூற்றாண்டுகள் முன்பே கிரேக்க மொழியை எழுதினார்கள் என்பதற்கு அந்தப் பட்டியல் அழுத்தமான சாட்சி.

அதை மண்ணிலிருந்து மீட்டவர் அமெரிக்கத் தொல்லியலாளர் கார்ல் பிளேகன். 1939 ஏப்ரலில், தென்மேற்குக் கிரேக்கத்தின் பைலோஸ் அருகே, குன்றின்மேல் இருந்த ஒலிவத் தோப்பில் முதல் குழியைத் தோண்டினார். அது நேரே அரண்மனையின் ஆவண அறையில் போய் இறங்கியது. நூற்றுக்கணக்கான களிமண் ஏடுகள் வெளிவந்தன.

ஈரக் களிமண்ணை ஓலை நறுக்குப் போல நீளமாகத் தட்டி, கூரான முனையால் கீறி, உலர்த்துவார்கள். சூளையில் வைப்பதில்லை. தண்ணீர் பட்டால் அவ்வளவும் மறுபடி சேறுதான். ஆனால் கி.மு. 1200ஐ ஒட்டி அந்த அரண்மனை எரிந்தது. அந்த வெக்கையில் ஏடுகள் செங்கல்லாக வெந்து இறுகின.

அவற்றில் இருந்த எழுத்து 'லீனியர் பி'. 1900 முதல் கிரீட் தீவில் அதைக் கண்டெடுத்த ஆர்தர் எவான்ஸ், அது கிரேக்கம் அல்ல என்றே நம்பினார். ஆலிஸ் கோபர் என்ற அறிஞர் சொல்விகுதிகள் மாறும் விதத்தைப் பொறுமையாகத் தொகுத்து வழி திறந்தார். 1952இல் மைக்கேல் வென்ட்ரிஸ் என்ற இளம் கட்டடக் கலைஞர் அது கிரேக்கமே என்றார். அறிஞர் பலர் தயங்கினர்.

வென்ட்ரிஸ் பார்த்தே இராத ஓர் ஏடு பிளேகன் கையில் இருந்தது. தொடக்கத்தில் சொன்ன பாத்திரப் பட்டியல்தான் அது; 1952இல் தோண்டியெடுத்தது. 1953இல் வென்ட்ரிஸின் அட்டவணையை வைத்து அதைப் படித்துப் பார்த்தார். நம் உயிர்மெய் போல ஒவ்வொரு குறியும் ஓர் அசை. முக்காலிப் பாத்திரப் படத்தின் அருகே 'தி-ரி-போ-தே': கிரேக்கத்தில் முக்காலிதான்! காதில்லாத பாத்திரத்தின் அருகே 'அ-நோ-வே', அதாவது 'காதற்றது'. பாத்திரத்தின் பிடியை நாம் சொல்வது போலவே அவர்களும் காது என்றே சொல்லியிருக்கிறார்கள். சொல்லும் படமும் இப்படிப் பொருந்தியபின் ஐயத்துக்கு இடம் குறைந்தது.

அதே ஏட்டில் ஒரு முக்காலியைப் பற்றி, அதன் கால்கள் தீய்ந்துவிட்டன என்றும் கணக்கர் குறித்திருக்கிறார். பழுதான பாத்திரத்தையும் விடாமல் எழுதிய அந்தக் கவனத்தை, அரண்மனையை எரித்த நெருப்பே பின்னாளில் ஏட்டைச் சுட்டு நமக்காகக் காத்துக் கொடுத்தது.