பேஸ்பால் ப்ளே ஆஃப்: 'இன்னும் எத்தனை மேட்ச் பாக்கி?' கணக்குப் போடுவது எப்படி?

அமெரிக்காவின் மேஜர் லீக் பேஸ்பால், சுருக்கமாக எம்.எல்.பி, தொடரில் ஓர் அணி ஒரு சீசனில் விளையாடும் லீக் ஆட்டங்கள் எத்தனை தெரியுமா? 162! மார்ச் கடைசியில் தொடங்கி செப்டம்பர் கடைசி வரை, ஏறக்குறைய தினமும் மேட்ச் இருக்கும். இவ்வளவு நீண்ட தொடரில் ஒரு மேட்ச் தோத்தா என்ன ஆகிடப் போகுது என்று ஏப்ரலில் தோன்றலாம். ஆனால், செப்டம்பர் வந்துவிட்டால் ஒவ்வொரு ஆட்டத்துக்கும் விலை ஏறிவிடும்.

அப்போது ரசிகர்கள் தினமும் கேட்கும் கேள்வி ஒன்றுதான்: நம்ம டீமுக்கு இன்னும் எத்தனை மேட்ச் பாக்கி, அதில் எத்தனை ஜெயிச்சா உள்ளே போகலாம்? இந்தக் கணக்கை நீங்களே போடலாம். அதற்குத் தேவையான விஷயங்களை இங்கே எளிமையாகப் பார்ப்போம்.

யாருக்கெல்லாம் ப்ளே ஆஃப் வாய்ப்பு?

எம்.எல்.பி-யில் மொத்தம் 30 அணிகள். அமெரிக்கன் லீக், நேஷனல் லீக் என இரண்டு பிரிவுகள். ஒவ்வொரு லீக்கிலும் தலா 5 அணிகள் கொண்ட 3 டிவிஷன்கள் இருக்கின்றன.

2022 முதல் ஒவ்வொரு லீக்கிலிருந்தும் 6 அணிகள் ப்ளே ஆஃப் செல்கின்றன. 3 டிவிஷன்களில் முதலிடம் பிடித்தவை 3 அணிகள். மீதமுள்ளவற்றில் சிறந்த 3 அணிகளுக்கு 'வைல்ட் கார்ட்' இடம். டிவிஷன் வென்ற அணிகளில் முதல் இரண்டுக்கு முதல் சுற்றே கிடையாது, நேராக அடுத்த சுற்று. மற்ற 4 அணிகளும் 3 ஆட்டங்கள் கொண்ட வைல்ட் கார்ட் சுற்றில் மோத வேண்டும். அந்த ஆட்டங்கள் எல்லாமே தரவரிசையில் மேலே இருக்கும் அணியின் சொந்த மைதானத்தில்தான் நடக்கும்.

அதனால், ஏற்கெனவே தகுதி பெற்ற அணிக்கும் செப்டம்பர் கடைசி வாரம் முக்கியம்தான்.

பாயின்ட்ஸ் இல்லை, ரன் ரேட் இல்லை

ஐ.பி.எல் பார்ப்பவர்களுக்கு 2024 சீசன் நினைவிருக்கும். ஆர்.சி.பி-யும் சி.எஸ்.கே-வும் தலா 14 புள்ளிகளில் நிற்க, நெட் ரன் ரேட்டில் ஆர்.சி.பி உள்ளே போனது. பேஸ்பாலில் இந்தக் கணக்கு எதுவும் இல்லை. 10 ரன் வித்தியாசத்தில் ஜெயித்தாலும் ஒரு வெற்றிதான், 1 ரன்னில் ஜெயித்தாலும் ஒரு வெற்றிதான். ஆட்டம் சமனில் இருந்தால் கூடுதல் இன்னிங்ஸ் வைத்து முடிவு காண்பார்கள்.

எனவே பட்டியலில் நீங்கள் பார்க்க வேண்டியது இரண்டே எண்கள்: வெற்றி, தோல்வி. 90-62 என்று இருந்தால் 90 வெற்றி, 62 தோல்வி. இரண்டையும் கூட்டி 162-லிருந்து கழித்தால் பாக்கி ஆட்டங்கள் தெரிந்துவிடும். இந்த அணிக்கு 10 பாக்கி.

'கேம்ஸ் பிஹைண்ட்' என்றால் என்ன?

முதலிடத்தில் இருக்கும் அணியைவிட எத்தனை ஆட்டங்கள் பின்தங்கியிருக்கிறோம் என்பதைச் சொல்லும் எண் இது. வெற்றிகளின் வித்தியாசத்தையும் தோல்விகளின் வித்தியாசத்தையும் கூட்டி, இரண்டால் வகுக்க வேண்டும்.

முதல் அணி 90-62, இரண்டாவது அணி 86-66 என்று வைத்துக்கொள்வோம். வெற்றியில் 4 வித்தியாசம், தோல்வியில் 4 வித்தியாசம். கூட்டினால் 8, பாதி 4. அதாவது இரண்டாவது அணி 4 ஆட்டங்கள் பின்தங்கியிருக்கிறது.

வைல்ட் கார்ட் பட்டியலில் மட்டும் இந்த எண் மூன்றாவது வைல்ட் கார்ட் இடத்தை வைத்துக் கணக்கிடப்படும். அதற்கு மேலே இருக்கும் அணிகளுக்கு எண்ணுக்கு முன்னால் கூட்டல் குறி இருக்கும்.

தோல்வி எண்ணை ஏன் தனியாகப் பார்க்க வேண்டும்?

எல்லா அணிகளும் ஒரே நாளில் ஒரே எண்ணிக்கையில் ஆடி முடித்திருக்காது. மழையால் ஆட்டம் தள்ளிப்போகும். ஓர் அணிக்கு ஓய்வு நாள், இன்னொரு அணிக்கு ஒரே நாளில் இரண்டு ஆட்டங்கள் கொண்ட 'டபுள் ஹெடர்' என்று மாறிமாறி வரும்.

மேலே சொன்ன 90-62 அணிக்கு எதிராக 87-63 என்ற அணி நிற்கிறது என்றால், பட்டியல் 2 ஆட்டங்கள் வித்தியாசம் என்று காட்டும். ஆனால் கவனிச்சுப் பாருங்க, தோல்வியில் வித்தியாசம் 1 மட்டும்தான். இரண்டாவது அணிக்கு 12 ஆட்டங்கள் பாக்கி. ஆடாத ஆட்டத்தை இனிமேல் ஜெயிக்க முடியும். தோற்ற ஆட்டத்தைத் திரும்பப் பெற முடியாது. அதனால்தான் அனுபவமுள்ள ரசிகர்கள் தோல்வி எண்ணை முதலில் பார்க்கிறார்கள்.

'மேஜிக் நம்பர்' கணக்கு

முன்னணியில் இருக்கும் அணி இடத்தை உறுதி செய்ய இன்னும் எவ்வளவு தேவை என்பதைச் சொல்வது மேஜிக் நம்பர். சூத்திரம் சின்னதுதான்: 163-லிருந்து முன்னணி அணியின் வெற்றிகளையும், துரத்தும் அணியின் தோல்விகளையும் கழிக்க வேண்டும்.

90-62 அணியை 86-66 அணி துரத்தினால், 163-லிருந்து 90-ஐயும் 66-ஐயும் கழிக்க வேண்டும். விடை 7. முன்னணி அணி ஜெயித்தால் இது ஒன்று குறையும். துரத்தும் அணி தோற்றாலும் ஒன்று குறையும். ஒரே நாளில் இரண்டும் நடந்தால் இரண்டு குறையும். பூஜ்யம் ஆகிவிட்டால் அந்த இடம் உறுதி.

சரிபார்த்துக்கொள்ளலாம். முன்னணி அணி 7 ஜெயித்தால் 97 வெற்றி. துரத்தும் அணி பாக்கி 10-ஐயும் ஜெயித்தாலும் 96தான். அவ்ளோதான் கணக்கு.

சமமாக முடிந்தால்?

முன்பெல்லாம் இரண்டு அணிகள் சமமாக முடிந்து ஒரே இடம்தான் இருந்தால், 163-வதாக ஓர் ஆட்டம் வைத்து முடிவு செய்தார்கள். 2022-ல் அது நிறுத்தப்பட்டது. இப்போது அந்த சீசனில் நேருக்கு நேர் மோதிய ஆட்டங்களில் யார் அதிகம் வென்றார்களோ, அவர்களுக்கே இடம். எனவே நேருக்கு நேர் கணக்கில் முந்தியிருக்கும் அணிக்கு மேஜிக் நம்பரில் ஒன்று தள்ளுபடி கிடைத்த மாதிரிதான்.

இந்த விதி எவ்வளவு கடுமையானது என்பதை 2024 காட்டியது. ஹெலீன் சூறாவளி எச்சரிக்கையால் அட்லாண்டா பிரேவ்ஸ், நியூயார்க் மெட்ஸ் அணிகளின் இரண்டு ஆட்டங்கள் தள்ளிப்போயின. செப்டம்பர் 29-ம் தேதி மற்ற அணிகள் எல்லாம் லீக் ஆட்டங்களை முடித்துவிட, இந்த இரு அணிகளுக்கு மட்டும் 2 ஆட்டங்கள் பாக்கி. இரண்டுமே 88-72 என்ற நிலையில் இருந்தன. அரிசோனா டயமண்ட்பேக்ஸ் 89-73 என முடித்துவிட்டு, வீட்டில் உட்கார்ந்து காத்திருந்தது.

சூத்திரப்படி மெட்ஸ் அணிக்கு மேஜிக் நம்பர் 2. ஆனால் மெட்ஸ், பிரேவ்ஸ் இரண்டுமே நேருக்கு நேர் கணக்கில் அரிசோனாவை முந்தியிருந்ததால், தலா ஒரு வெற்றியே போதும். ஓர் அணி இரண்டையும் தோற்றால் மட்டுமே அரிசோனாவுக்கு வழி.

செப்டம்பர் 30 அன்று அட்லாண்டாவில் டபுள் ஹெடர். முதல் ஆட்டத்தில் மெட்ஸ் 8-7 என வென்றது. இரண்டாவதில் பிரேவ்ஸ் 3-0 என வென்றது. மூன்று அணிகளும் 89-73. முந்தைய ஆண்டு உலகத் தொடர் இறுதி வரை போன அரிசோனா, தான் ஆடாத ஒரு நாளில் வெளியேறியது.

பாக்கி ஆட்டங்கள் யாருடன்?

எண்ணிக்கையோடு எதிரணியையும் பாருங்கள். 2023 முதல் ஓர் அணி தன் டிவிஷனில் உள்ள ஒவ்வோர் அணியுடனும் 13 முறை மோதுகிறது. துரத்தும் அணியோடு நேரடி ஆட்டங்கள் பாக்கி இருந்தால், ஒவ்வொன்றிலும் இடைவெளி முழுதாக ஓர் ஆட்டம் மாறும். 4 ஆட்டங்கள் முன்னிலை என்பது ஒரே வார இறுதியில் 1 ஆகிவிடலாம்.

பெரிய முன்னிலையும் பாதுகாப்பு இல்லை. 2011 செப்டம்பர் தொடக்கத்தில் பாஸ்டன் ரெட் சாக்ஸ், டாம்பா பே ரேஸ் அணியைவிட 9 ஆட்டங்கள் முன்னால் இருந்தது. அந்த மாதம் 7 வெற்றி, 20 தோல்வி. கடைசி நாளில் பாஸ்டன் 4-3 எனத் தோற்ற சில நிமிடங்களில், 7-0 எனப் பின்தங்கியிருந்த டாம்பா பே 12-வது இன்னிங்ஸில் 8-7 என வென்று உள்ளே போனது. இரண்டு நாளில் பாஸ்டன் மேனேஜர் டெர்ரி ஃபிராங்கோனா பதவியை விட்டு விலகினார்.

இந்தியாவிலிருந்து பார்ப்பவர்களுக்கு

நியூயார்க்கில் இரவு 7 மணி என்றால் நமக்கு மறுநாள் அதிகாலை 4.30. லாஸ் ஏஞ்சலிஸில் இரவு 7 மணி என்றால் நமக்குக் காலை 7.30. எனவே காலை காபியோடு பட்டியலைத் திறந்தால், மேற்குக் கரை ஆட்டங்கள் இன்னும் நடந்துகொண்டிருக்கும். மதியம் 12 மணிக்கு மேல் பார்த்தால் பெரும்பாலும் அன்றைய முழுக் கணக்கும் கிடைத்துவிடும். தேதியிலும் ஒரு நாள் வித்தியாசம் வரும் என்பதை மறக்காதீங்க.

பார்க்கும்போது இந்த வரிசையில் பாருங்கள்: முதலில் தோல்வி எண், அடுத்து பாக்கி ஆட்டங்கள், பிறகு நேருக்கு நேர் கணக்கு, கடைசியாக எதிரணிகள். இந்த நான்கும் தெரிந்தால், உங்கள் அணிக்கு இன்னும் வாய்ப்பு இருக்கிறதா என்பதை நீங்களே சொல்லிவிடலாம்.