ஒளிரும் கல் வருகிறது... பயப்படலாமா?

வாட்ஸ்ஆப் குழுவில் அந்தப் படம் வந்த ராத்திரி எங்கள் வீட்டில் யாரும் சரியாகத் தூங்கவில்லை. தீப்பிழம்பாக ஒரு பாறை. கீழே சின்னதாகப் பூமி. '2029 சித்திரைப் பிறப்பு அன்று ஒளிரும் விண்கல் பூமியில் மோதும். பத்துப் பேருக்கு அனுப்புங்கள்' என்று ஒரு வரி. அப்பத்தாவின் போனுக்கு வந்ததை என் மகன் எடுத்துப் படித்துவிட்டான். "அப்பா, அப்ப நான் காலேஜ் போகவே மாட்டேனா?" என்று கேட்டபோது அவன் குரல் தழுதழுத்தது.

"சும்மா புரளிடா, படு" என்று அதட்டியிருக்கலாம். ஆனால் அது வெறும் அதட்டல்தானே? எனக்கே உறுதியாகத் தெரியாத விஷயம். காரைக்குடியில் எங்கள் வீட்டில் இருப்பது ஒரு பழைய கம்ப்யூட்டரும் பிராட்பேண்ட் இணைப்பும். அதை வைத்தே பார்த்துவிடுவோம் என்று மறுநாள் மாலை இருவரும் உட்கார்ந்தோம். நாங்கள் செய்ததை நீங்களும் உங்கள் பிள்ளைகளோடு செய்து பார்க்கலாம். ஒரு பைசா செலவில்லை.

படம் பொய், கல் நிஜம்

முதலில் படம். கூகுள் லென்ஸில் அதைப் போட்டுத் தேடினோம். அது கம்ப்யூட்டரில் வரைந்த கற்பனைப் படம் என்பது இரண்டே நிமிடத்தில் தெரிந்துவிட்டது. மகன் முகத்தில் கொஞ்சம் தெளிவு.

ஆனால் வாசகர்களே, கல் நிஜம்! அதன் பெயர் அபோபிஸ். வரிசை எண் 99942. 2004 ஜூன் 19 அன்று அமெரிக்காவின் கிட் பீக் வானாய்வகத்தில் கண்டுபிடித்தார்கள். குறுக்களவு சுமார் 340 மீட்டர். 2029 ஏப்ரலில் அது பூமிக்கு மிக அருகில் வரப்போவதும் உண்மை. அதைச் சொன்னதும் மகன் மறுபடி என் கையைப் பிடித்துக்கொண்டான்.

2004 டிசம்பர் 27 அன்று இந்தக் கல் மோதும் வாய்ப்பு 37-ல் 1 என்று கணக்கு வந்தது. ஆபத்தை அளக்கும் டொரினோ அளவுகோலில் 10-க்கு 4. இன்றுவரை வேறு எந்தக் கல்லும் அந்த அளவைத் தொட்டதில்லை. ஆனால் அதற்கு முந்தின நாள்தான் சுனாமி. நாகப்பட்டினத்திலும் கடலூரிலும் நம் ஜனங்கள் உறவுகளைத் தேடிக்கொண்டிருந்த நேரத்தில் வானத்துக் கல்லை யார் கவனித்திருப்பார்கள்? அன்றே பழைய படங்களில் அதே கல் பதிவாகியிருப்பதைத் தேடி எடுத்துப் பாதையைத் திருத்தினார்கள். 2029-ல் மோதாது என்பது உறுதியானது. 2021 மார்ச்சில் ரேடார் மூலம் அளந்தபின், அடுத்த 100 ஆண்டுகளுக்கும் ஆபத்தில்லை என்று நாசா அறிவித்து, அபாயப் பட்டியலிலிருந்தே அதை நீக்கிவிட்டது. அந்தப் பட்டியலின் பெயர் சென்ட்ரி. நாசாவின் ஜெட் புரபல்ஷன் லேபரட்டரி தளத்தில் யாரும் பார்க்கலாம். மகனே தேடினான். அபோபிஸ், நீக்கப்பட்டவை பகுதியில் இருந்தது.

அது ஒளிருமா?

ஒளிராது! சிறுகோள் வெறும் பாறை. நிலாவைப் போல சூரிய ஒளி பட்டுத்தான் தெரியும். காற்றுமண்டலத்துக்குள் நுழைந்தால்தான் தீப்பிழம்பாகும். அபோபிஸ் நுழையப் போவதில்லை. பூமியின் தரையிலிருந்து சுமார் 32,000 கிலோமீட்டர் தள்ளிப் போய்விடும். நம் டிவி ஒளிபரப்புக்கான செயற்கைக்கோள்கள் 35,786 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றுகின்றன. அதைவிடக் கிட்டத்தில் என்பதால்தான் வெறும் கண்ணுக்கே தெரியும். பிரகாச எண் சுமார் 3.1. சப்தரிஷி மண்டலத்தின் மங்கலான நட்சத்திரம் அளவு என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இந்தப் பிரகாச எண்ணுக்கும் நம்மூருக்கும் ஒரு தொடர்பு உண்டு. 5 எண் வித்தியாசம் என்றால் வெளிச்சத்தில் 100 மடங்கு வித்தியாசம் என்று 1856-ல் வகுத்தவர் நார்மன் போக்சன். பின்னாளில் சென்னை வானாய்வகத்தின் தலைமைப் பொறுப்புக்கு வந்தார். 1861 ஏப்ரல் 17 அன்று சென்னையிலிருந்தே ஒரு சிறுகோளைக் கண்டுபிடித்தார். ஆசியாவில் கண்டுபிடித்த முதல் சிறுகோள் என்பதால் அதற்கு 'ஆசியா' என்றே பெயர். அதன்பின் சாப்போ, சில்வியா, கமிலா, வேரா ஆகியவற்றையும் சென்னையிலிருந்து கண்டார். ஒரு நூற்றாண்டுக்கும் மேல் கழித்து, 1988-ல் ராஜமோகன் குழுவினர் ஜவ்வாது மலையின் காவலூரிலிருந்து ஒன்றைக் கண்டுபிடித்தார்கள். அதன் பெயர் ராமானுஜன், எண் 4130. அந்தத் தேடல் திட்டத்துக்கு வைத்த பெயர் என்ன தெரியுமா? 'கல்கி'!

பாம்பும் சூரியனும்

பெயர் என்றதும் அப்பத்தா பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். "அபோபிஸ்னா என்னப்பா?" எகிப்தியர் கதையில் வரும் இருட்டுப் பாம்பு. தினமும் ராத்திரி சூரியன் போகும் படகை மறித்து விழுங்கப் பார்க்கும். தினமும் தோற்றுப்போகும். இதைச் சொன்னதும் அப்பத்தா சிரித்துவிட்டார். "நம்ம ராகு கேது மாதிரிதானே? எங்க காலத்துல கிரகணம்னா பாம்பு புடிச்சிருச்சும்பாங்க. எந்தப் பாம்பு சூரியனை முழுங்கி முடிச்சிருக்கு?" நைல் நதிக்கரையிலும் நம் வைகைக் கரையிலும் ஒரே பயம், ஒரே ஆறுதல்.

நீங்களே பாருங்கள்

1. ஸ்டெல்லேரியம் என்ற இலவச மென்பொருளை டவுன்லோட் செய்து இன்ஸ்டால் செய்யுங்கள்.

2. எஃப்6 கீயைத் தட்டி உங்கள் ஊரைக் கொடுங்கள். காரைக்குடிக்கு வட அட்சம் 10.07, கிழக்குத் தீர்க்கம் 78.78. எஃப்5 தட்டினால் தேதியும் நேரமும் மாற்றலாம். எஃப்3 தேடுவதற்கு. இன்றைய வானத்தைப் பழகிக்கொள்ளுங்கள்.

3. 2029-க்கு மட்டும் இந்த மென்பொருளை முழுதாக நம்ப வேண்டாம். அருகில் வரும்போது பூமியின் ஈர்ப்பு அபோபிஸின் பாதையையே வளைத்துவிடும். பழைய பாதைக் கணக்கை வைத்து வரைந்தால் கல்லைத் தவறான இடத்தில் காட்டும்.

4. அதற்கு நாசாவின் ஹொரைசன்ஸ் சேவைதான் சரி. அப்சர்வர் டேபிள் என்பதைத் தேர்ந்தெடுத்து, 99942 என்ற எண்ணையும் உங்கள் ஊரின் அட்சதீர்க்கத்தையும் கொடுங்கள். நேரம் 2029 ஏப்ரல் 13, 13:00 முதல் 22:00 வரை. இது உலக நேரம். நம் நேரத்துக்கு 5.30 மணி கூட்டிக்கொள்ளுங்கள்.

5. வரும் அட்டவணையில் எலிவேஷன் என்ற எண் மைனஸில் இருந்தால் கல் அடிவானத்துக்குக் கீழே. ப்ளஸ் என்றால் வானத்தில்!

அன்று கல் ஆஸ்திரேலியா, இந்தியப் பெருங்கடல், ஆப்பிரிக்கா, அட்லாண்டிக் என்று மேற்கே நகரும். மிக அருகில் வருவது நம் நேரப்படி ஏப்ரல் 14 அதிகாலை 3.16 வாக்கில். அப்போது அது அட்லாண்டிக் கடலுக்கு மேலே இருக்கும். ஆகவே நமக்கு 13-ம் தேதி இரவே வாய்ப்பு. எங்கள் வீட்டு முற்றத்தில் நின்றால் தலைக்கு மேலே ஒரு சதுர வானம்தான் தெரியும். மொட்டை மாடிதான் சரி என்று மகன் இப்போதே முடிவு செய்துவிட்டான்.

அட்டவணையைப் பிரிண்ட் எடுத்துத் தன் மேஜைக்கு மேலே ஒட்டியிருக்கிறான். அன்று ராத்திரி விளக்கை நானே அணைக்கச் சொல்ல வேண்டியிருந்தது. குழுவுக்கும் அவனே பதில் அனுப்பினான்: 'கல் வரும், மோதாது. எங்கள் வீட்டு மாடியில் எல்லாருக்கும் இடம் உண்டு.' அப்பத்தா தன் பங்குக்குச் சொன்னது இது: "அது போகட்டும். விடிஞ்சா வருஷப் பிறப்பு. பாயசத்துக்கு வெல்லம் வாங்கி வச்சிருங்க."